மாமா, வாட்ச்மேன் வர்றான்!

"ச்சும்மா இருங்க மாமா... வாட்ச்மேன் வர்றான்!"

ராத்திரி பதினோரு மணி. பென்னாகரத்தில் அக்கா வீட்டுத் திண்ணை. தெருவை எட்டிப் பார்த்தேன், ஒரு நாயைக்கூடக் காணோம். வாட்ச்மேன் வந்துகொண்டிருந்தது அக்கா மகனின் செல்போனுக்குள்!

விளையாட்டின் பெயர் 'ஒயிட் டே'. தென்கொரியாவின் சொன்னோரி கம்பெனி 2001-ல் கம்ப்யூட்டருக்காகச் செய்தது. 2015-ல் செல்போனுக்கும் வந்துவிட்டது. மார்ச் 14 அன்று பையன்கள் பெண்களுக்கு மிட்டாய் கொடுப்பது அந்த ஊர் வழக்கம். நம்ம ஹீரோ முந்தின ராத்திரியே ஸ்கூலுக்குள் புகுந்து, பிடித்த பெண்ணின் மேஜையில் வைத்துவிட்டு வந்துவிடலாம் என்று போகிறான். மாட்டிக்கொள்கிறான். உள்ளே பேய்கள். அதுகூடப் பரவாயில்லை, பேஸ்பால் மட்டையோடு வாட்ச்மேன்! சாவிக்கொத்து குலுங்கும் சத்தம் கேட்டால் ஆள் பக்கத்தில் இருக்கிறான் என்று அர்த்தம்.

"துப்பாக்கி எங்கேடா?"

"அதெல்லாம் கிடையாது மாமா. ஓடணும், ஒளியணும்... அவ்வளவுதான்."

'சர்வைவல் ஹாரர்' என்கிறார்கள். உயிரோடு வெளியே வந்தாலே வெற்றி! ஜப்பானில் 1996-லேயே 'கார்ப்ஸ் பார்ட்டி' என்று ஒரு பேய்ப் பள்ளிக்கூடம் வந்துவிட்டது. ஏன் எல்லோருக்கும் பள்ளிக்கூடமே கிடைக்கிறது? தர்மபுரிக்காரர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். பார்த்த இடமெல்லாம் புளியமரம். எங்கள் ஸ்கூல் மைதானத்து மூலையிலும் ஒன்று உண்டு. ஆறு மணிக்கு மேல் பந்து அந்தப் பக்கம் உருண்டால், பந்து போனது போனதுதான்!

ஆனால் என்னை நிஜமாகவே தூங்கவிடாமல் செய்தது தைவானின் 'டிடென்ஷன்'. ரெட் கேண்டில் என்ற சின்ன கம்பெனி 2017-ல் வெளியிட்டது. மலையோர ஸ்கூல், அறுபதுகள், மழை. பேய் எதிரே வந்தால் மூச்சை அடக்கிக்கொண்டு தாண்ட வேண்டும். இல்லையா, சோறு படையல் வைத்து அதன் கவனத்தைத் திருப்பலாம். நம்ம பாட்டிகள் சொன்ன வைத்தியம்தான்!

(ஆடிப் பார்க்க ஆசையுள்ளவர்கள் அடுத்த பாராவைத் தாண்டிவிடவும்.)

தைவானில் 1949 முதல் 1987 வரை ராணுவச் சட்டம். தடை செய்த புத்தகம் வைத்திருந்தாலே ஜெயில். கீலுங் ஊர்ப் பள்ளி ஒன்றில் ரகசியப் பத்திரிகை நடத்திய வழக்கில், தலைமையாசிரியரையே 1950-ல் சுட்டுக் கொன்றார்கள். அது நிஜம். விளையாட்டில் ஆசிரியர்களும் பிள்ளைகளும் திருட்டுத்தனமாகப் புத்தகம் படிக்கிறார்கள். ஃபாங் என்ற மாணவி, ஒரு டீச்சர் மேல் உள்ள பொறாமையில், அதை ராணுவ அதிகாரியிடம் போட்டுக் கொடுக்கிறாள். டீச்சர் தப்பிவிட்டார். செத்தது, அவள் உயிராய் நினைத்த இன்னொரு ஆசிரியர். இவ்வளவு நேரம் நாம் பத்திரமாகக் கூட்டிப்போன அந்தப் பெண்தான் பேய்!

2019-ல் இதைப் படமாகவும் எடுத்தார்கள். ராணுவச் சட்டக் காலத்தைப் பற்றி வீட்டில் பேசப் பயந்த பெரியவர்கள் உள்ள ஊர் அது. அங்கே பேரப்பிள்ளைகள் அதை ஒரு கேமில் தெரிந்துகொண்டார்கள் என்பது லேசுப்பட்ட விஷயமா?

கதையை மருமகனிடம் சொன்னேன். ரொம்ப நேரம் பேசாமல் இருந்தான்.

"மாமா... அஞ்சாவதுல நான்தான் கிளாஸ் லீடர்."

"அதுக்கென்னடா?"

"பேசினவங்க பேரை போர்டுல எழுதுவேன். பேசாதவன் ஒருத்தன் பேரையும் ஒரு வாட்டி எழுதிட்டேன். நல்லா அடி வாங்கினான்."

செல்போனை அணைத்தான். திண்ணை விளக்கை மட்டும் அணைக்க விடவில்லை.