துணைப்பாத்திரத்தின் தகுதி

துணைப்பாத்திரம் தலைமைப்பாத்திரத்தின் நிழலே என்பாருளர். அக்கூற்றை மறுக்க நான் காட்டும் சான்று அமெரிக்க நடிகை தெல்மா றிற்றர் (1902–1969). 1947இல் பெயரும் குறிக்கப்படாத சிறு வேடத்தோடு திரைக்கு வந்தார். 1950 முதல் 1962 வரை வெளிவந்த படங்களுக்காக ஆறுமுறை ஒஸ்கார் துணைநடிகைப் பரிசுக்கு முன்மொழியப்பட்டார், ஒருமுறையேனும் பெற்றாரல்லர். 1955இல் 'தி கேற்றர்ட் அபெயர்' என்னும் தொலைக்காட்சி நாடகத்தில் தாயாகவும் நடித்தார்.

'பிக்கப் ஒன் சவுத் ஸ்றீற்' (1953) படத்தில், கழுத்துப்பட்டி விற்றும் காவலருக்குத் துப்புக்கொடுத்தும் தன் நல்லடக்கத்துக்குப் பணஞ்சேர்க்கும் மூதாட்டி அவர். காசுக்குக் காட்டிக்கொடுப்பவள், கதைத்தலைவனாகிய முடிச்சுமாறியின் இருப்பிடத்தைக் கொலைஞனுக்குக் கூற மறுத்து உயிர்விடுகிறாள். அவளை நல்லடக்கஞ் செய்விப்பவனும் அம்முடிச்சுமாறியே. அவன் நெஞ்சில் ஈரமுண்டென்பதை நமக்குக் காட்டுவது அவள் சாவன்றோ? அகப்பாட்டிலும் தலைவியின் துயரைத் தோழியின் வாய்மொழியாலன்றோ பலகால் அறிகிறோம்! நாடகம் பயிலும் மாணவர் இதனை நெஞ்சிற்கொள்வாராக.