தவறிய கடைக்காரருக்கு ஜெயிலா? திருந்த ஒரு வாய்ப்பா?

தெருமுனையில் ஒரு மளிகைக் கடை. தகப்பனார் காலமாகிவிட்டார். 20 வயது மகன் கல்லாவில் உட்காருகிறான். வீட்டில் தாயாரும் இரண்டு தங்கைகளும். கடை நடந்தால்தான் அடுப்பு எரியும்.

ஒருநாள் அதிகாரி வருகிறார். கணக்குப் புத்தகத்தைப் புரட்டுகிறார். சர்க்கரை மூட்டை வந்ததும் போனதும் சரியாக எழுதப்படவில்லை. வழக்கு நடக்கிறது. குற்றம் ருசுவாகிறது.

இப்படி ஒரு வழக்கு வந்ததாக வைத்துக்கொள்வோம். அந்தப் பையனை ஜெயிலுக்கு அனுப்பத்தான் வேண்டுமா?

"சட்டம் சட்டம்தான்" என்பார் ஒருவர். "முதல் தப்பு, விட்டுவிடலாம்" என்பார் இன்னொருவர். இந்த இரண்டுக்கும் நடுவே ஒரு வழி இருக்கிறது. அதுதான் நன்னடத்தை விடுதலை.

ஜெயில் இல்லை, கட்டுப்பாடு உண்டு

1958-ம் ஆண்டில் இந்திய சர்க்கார் "குற்றவாளிகள் நன்னடத்தைச் சட்டம்" கொண்டுவந்தது. அதன்படி, குற்றம் செய்தவரை உடனே ஜெயிலில் தள்ளாமல், "ஒழுங்காக நடப்பேன்" என்று எழுதி வாங்கிக்கொண்டு கோர்ட்டு வெளியே விடலாம். இந்தக் கெடு 3 ஆண்டு வரை இருக்கலாம். அவருக்கோ, ஜாமீன் நிற்பவருக்கோ நிலையான வீடு அல்லது தொழில் இருக்கவேண்டும்.

நன்னடத்தை அதிகாரி ஒருவரின் மேற்பார்வையிலும் அவரை விடலாம். அந்த அதிகாரி வீட்டு நிலையை விசாரிப்பார். புத்தி சொல்வார். வேலை தேடவும் உதவி செய்வார்.

இது மன்னிப்பு அல்ல. குற்றத்தால் நஷ்டம் அடைந்தவர் இருந்தால், அவருக்கு ஈடு கொடுக்கும்படி கோர்ட்டு உத்தரவிடலாம். எழுதிக் கொடுத்ததை மீறினால், மறுபடியும் கூண்டில் நிற்கவேண்டும். பழைய குற்றத்துக்கே தண்டனை கிடைக்கும்.

21 வயது ஆகாதவர்களுக்கு இந்தச் சட்டம் இன்னும் அதிக இரக்கம் காட்டுகிறது. அவர்களை ஜெயிலுக்கு அனுப்பினால், ஏன் அனுப்புகிறோம் என்ற காரணத்தைக் கோர்ட்டு எழுதி வைக்கவேண்டும். மேலே சொன்ன பையன் இந்த வயதுக்காரன்தான்.

வழி காட்டியவரும் கடைக்காரரே!

இந்த யோசனை எப்படிப் பிறந்தது தெரியுமா? அமெரிக்காவில் பாஸ்டன் நகரில் ஜான் அகஸ்டஸ் என்று ஒருவர் இருந்தார். பூட்ஸ் தைத்து விற்பது அவர் தொழில். 1841-ம் ஆண்டில் ஒருநாள் அவர் கோர்ட்டுக்குப் போனார். அங்கே ஒரு குடிகாரனைக் கொண்டுவந்தார்கள். அகஸ்டஸ் மனம் இளகி, அவனுக்கு ஜாமீன் நின்றார்.

சுமார் 3 வாரம் கழித்து அதே ஆளை அழைத்து வந்தார். குடியை விட்டு, ஆளே மாறியிருந்தான். நீதிபதி அவனுக்கு ஒரே ஒரு சென்ட் அபராதம் போட்டார். அன்று நட்ட விதைதான் பிறகு பல நாடுகளில் சட்டமாக முளைத்தது.

விஷம் கலந்தவருக்கும் இதே இரக்கமா?

கணக்கு எழுதத் தவறியவர் ஒருவர். குழந்தை சாப்பிடும் பண்டத்தில் கலப்படம் செய்பவர் வேறொருவர். இருவரையும் ஒரே தராசில் வைக்கலாமா? நம் நாட்டில் இந்தக் கேள்வி சுப்ரீம் கோர்ட்டு வரை போனது.

உணவுக் கலப்படத் தடைச் சட்டம் 1954-ல் வந்தது. பிறகு அது கடுமையாக்கப்பட்டு, பெரும்பாலான குற்றங்களுக்குக் குறைந்தது 6 மாத ஜெயில் என்று ஆனது. 21 வயது ஆகாத ஒருவரின் வழக்கில் 1972-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது: "அப்படியிருந்தாலும் நன்னடத்தைச் சட்டம் இவருக்குப் பொருந்தும்."

அடுத்த ஆண்டே, 1973-ல், வேறொரு வழக்கு. வாசனைப் பாக்கில் தடை செய்யப்பட்ட செயற்கை இனிப்பு இருந்தது. விற்றவர் நன்னடத்தை விடுதலை கேட்டார். நீதிபதி வி.ஆர்.கிருஷ்ணய்யர், கைதிகளிடம் கருணை காட்டியவர் என்று பெயர் பெற்றவர். ஆனாலும் இங்கே அவர் இணங்கவில்லை. லாபத்துக்காக ஊர் மக்களின் உடல்நலத்தோடு விளையாடும் குற்றத்துக்கு இந்தச் சலுகை எளிதில் கிடைக்கக்கூடாது என்பது தீர்ப்பின் சாரம்.

1976-ல் பார்லிமெண்டு சட்டத்தையே திருத்தியது. 18 வயது ஆகாதவர் தவிர வேறு எந்தக் கலப்படக் குற்றவாளிக்கும் நன்னடத்தை விடுதலை கிடையாது என்று கதவை அடைத்தது.

பதுக்கலுக்குத் தனிக் கண்டிப்பு

அரிசி, சர்க்கரை, மண்ணெண்ணெய் போன்றவற்றுக்கு 1955-ம் ஆண்டின் அத்தியாவசியப் பண்டங்கள் சட்டம் இருக்கிறது. 1974-ல் அதையும் கடுமையாக்கினார்கள். பெரும்பாலான மீறல்களுக்குக் குறைந்தது 3 மாதம், அதிகபட்சம் 7 ஆண்டு ஜெயில் என்று வைத்தார்கள். ஆனால் கணக்குப் புத்தகம் சம்பந்தமான குற்றத்துக்கு ஓர் ஆண்டு வரைதான். பதுக்குவது வேறு, எழுதத் தவறுவது வேறு என்று அந்தச் சட்டமே பிரித்துப் பார்க்கிறது.

பழைய கலப்படச் சட்டம் இப்போது இல்லை. அதற்குப் பதிலாக 2006-ம் ஆண்டின் உணவுப் பாதுகாப்புச் சட்டம் 2011 முதல் அமலில் இருக்கிறது. தரம் குறைந்த பண்டம் விற்றால் அபராதம். உயிருக்கு ஆபத்தான பண்டம் விற்று ஒருவர் இறந்தால், குறைந்தது 7 ஆண்டு, ஆயுள் வரைகூட ஜெயில்!

இரண்டு தட்டு

ஏழைத் தாய் ஒருத்தி கூலிக்காசைக் கொடுத்துப் பால் வாங்குகிறாள். அதில் கலப்படம் இருந்தால் அவள் குழந்தைக்கு யார் பதில் சொல்வது? அவளையும் சட்டம் நினைக்கவேண்டும். கடையில் தவறிய பையனின் தாயையும் நினைக்கவேண்டும்.

தெரியாமல் தவறியவனை ஜெயிலுக்கு அனுப்பினால் கடை மூடும். குடும்பம் தெருவுக்கு வரும். தெரிந்தே நஞ்சு கலந்தவனைத் தட்டிக்கொடுத்து அனுப்பினால் ஊரே தெருவுக்கு வரும்.

கடைக்காரர் தராசை நேராகப் பிடிக்கவேண்டும் என்கிறோம். அவரை நிறுக்கும் நீதியின் தராசும் நேராக நிற்கவேண்டும் அல்லவா?