இரும்புக் குழலில் எழுந்த வாணம்

ஏலூர் ஆலைகளில் பணிபுரியும் தமிழன்பர்கள் நாள்தோறும் பெரியாற்றைக் காண்கின்றனர். 1790-ஆம் ஆண்டில், நெடுங்கோட்டை அரணைத் தகர்த்த திப்பு சுல்தானின் சேனை இவ்வாற்றங்கரையில் ஆலுவாய் வரை வந்தது. வெள்ளப் பெருக்கும், ஆங்கிலேயருடன் மூண்ட போரும் அதனைத் திருப்பி அனுப்பின. அச்சேனையின் குதிரைகளையும் பீரங்கிகளையும் பற்றிப் பலர் எழுதியுள்ளனர். அதன் வாணப் படையோ நெடுங்காலம் தக்க ஆராய்ச்சியைப் பெறவில்லை.

அமெரிக்க உள்நாட்டுப் போரில் (1861–65) கண்டுபிடிப்பாளர்கள் லிங்கனிடம் கொண்டுவந்த புதிய படைக்கலங்களை ஆராய்ந்து, இராபர்ட் புரூஸ் என்னும் சரித்திரப் பேராசிரியர் 1956-இல் ஒரு நூல் வெளியிட்டார். நம் நாட்டில் மைசூர் வாணங்களுக்கு அத்தகைய தொண்டு புரிந்தவர், விமானவியல் விஞ்ஞானி ரொத்தம் நரசிம்மா. அவருடைய ஆய்வுரை 1985-இல் வெளிவந்தது.

மைசூர் வாணத்தின் சிறப்பு யாது? திருவிழா வாணத்தில் மருந்தைக் காகிதக் குழலிலோ மூங்கிலிலோ அடைப்பர். மருந்தை மிகுதியாகத் திணித்தால் குழல் வெடித்துவிடும். மைசூர்க் கம்மியர் இரும்புக் குழலைக் கையாண்டனர். எரியும் மருந்தின் அழுத்தத்தை இரும்பு தாங்கும். அழுத்தம் மிகுந்தால் உந்துவிசை மிகும். விசை மிகுந்தால் வாணம் தொலைதூரம் பாயும். குழலோடு பிணைத்த நீண்ட மூங்கிற்கழி அதனை நெறிப்படுத்திற்று.

1780-இல் காஞ்சிபுரத்தை அடுத்த பொள்ளிலூரில் ஆங்கிலப் படை பெருந்தோல்வி கண்டது. அதன் வெடிமருந்து வண்டிகள் வெடித்துச் சிதறியது அத்தோல்விக்கு ஒரு காரணம். அப்போரில் மைசூர்ப் படையினர் வாணங்களையும் ஏவினர். 1799-இல் சீரங்கப்பட்டணம் வீழ்ந்தபின், வாணங்கள் சில இங்கிலாந்து சென்றன. அங்கே வில்லியம் காங்கிரீவ் அவற்றை அளந்தும், சோதித்தும், சீர்திருத்தியும் புதிய ராக்கெட்டுகளைச் செய்தார். 1807-இல் கோபன்ஹேகன் நகர்மீது அவை பாய்ந்தன.

நரசிம்மாவின் முடிவு சிந்திக்கத்தக்கது. நம் கம்மியரின் கைத்திறன் உயர்ந்ததே. ஆயினும் அது அளவையும் கணக்கையும் சார்ந்த விஞ்ஞானமாக வளரவில்லை. காங்கிரீவின் பெயர் உலகெங்கும் நிலைத்தது. இரும்பைத் தட்டிக் குழலாக்கிய கைகளுக்கு உரியவர் எவர் என்பதைச் சரித்திரம் கூறவில்லை.

எனினும் மண் சான்று கூறிற்று. 2018-இல் கர்நாடக மாநிலத்துச் சிவமொக்கா மாவட்டத்தில், நகரா என்னும் ஊரின் பாழ்ங்கிணறு ஒன்றிலிருந்து ஆயிரத்துக்கும் மேற்பட்ட வாணக் குழல்கள் வெளிப்பட்டன.

ஊர்விட்டு வந்து ஆலைகளிலும் பட்டறைகளிலும் உழைக்கும் அன்பர்களே! உங்கள் கைகள் அறிந்த நுட்பங்களையும் ஒரு சுவடியில் அளவோடும் பெயரோடும் எழுதி வையுங்கள். பிற்காலச் சரித்திரகாரர் பாழ்ங்கிணற்றைத் தோண்ட வேண்டிய அவசியம் நேராதிருக்கட்டும்.