காப்புப் பலகை வாங்குமுன் போடவேண்டிய கணக்கு

சித்திரை, வைகாசி மாதங்களில் தகரக் கூரையின்கீழ் அமர்ந்து தறி நெய்யும் அங்கத்தினருக்கு வெப்பத்தின் கொடுமையை விளக்கிக் கூற வேண்டியதில்லை. உச்சிப் பொழுதில் தகரத்தின் சூடு 60 டிகிரியைத் தாண்டுவதுண்டு. பாவு நூல் வறண்டு அறுகிறது. நெய்பவர் நண்பகலில் தறியை விட்டு எழுந்துவிடுகிறார். அன்றையக் கூலி குறைகிறது. விளைபொருள்களைக் குளிர் அறையில் வைத்துக் காக்கும் சங்கங்களுக்கோ அதே வெப்பம் மின்சாரக் கட்டணமாக வந்து சேர்கிறது.

இவ்விரு இடங்களிலும் காப்புப் பலகை பொருத்துவதெனத் தீர்மானிக்கும் நிர்வாகக் குழுக்கள், வந்த விலைப்பட்டியல்களில் கனத்தையும் விலையையும் மட்டுமே பார்க்கக் காண்கிறோம். பரிசீலனையின்போது நான் பார்த்த ஒரு சங்கத்தின் ஒப்புநோக்குப் பட்டியலில், மூன்று வியாபாரிகளின் சரக்கும் “5 சென்டிமீட்டர் பலகை” என்ற ஒரே தலைப்பில் எழுதப்பட்டிருந்தது. பலகை எப்பொருளாலானது என்பதற்கு ஒரு கலம்கூட இல்லை. நூல் வாங்கும்போது நம்பரைக் கேளாமல் எடையை மட்டும் கேட்பவர் நம்மில் உண்டா?

ஒவ்வொரு பொருளுக்கும் வெப்பங்கடத்தும் எண் என்று ஒன்றுண்டு. ஒரு மீட்டர் கனமும் ஒரு சதுர மீட்டர் பரப்பும் உள்ள பொருளின் இருபுறத்துக்கும் ஒரு டிகிரி வேறுபாடு இருக்கையில், அதனூடே எத்தனை வாட் வெப்பம் செல்கிறது என்பதே அவ்வெண். தெர்மோகோலுக்கு இது ஏறக்குறைய 0.036, பஃப் எனப்படும் பாலியூரிதேன் நுரைப் பலகைக்கு ஏறக்குறைய 0.024, கான்கிரீட்டுக்கு 1.58, இரும்புக்கு 50ஐ ஒட்டி வரும். பலகையின் கனத்தை மீட்டரில் எழுதி இவ்வெண்ணால் வகுத்தால் கிடைப்பது வெப்பத்தடை. 5 சென்டிமீட்டர் தெர்மோகோலுக்கு 0.05ஐ 0.036ஆல் வகுக்க 1.39 வரும். அதே கனமுள்ள பஃப் பலகைக்கு 2.08. கனம் ஒன்றே, தடை ஒன்றரை மடங்கு. நாம் விலை கொடுத்து வாங்குவது இந்தத் தடையைத்தான்.

இனி, 10 மீட்டர் நீளமும் 6 மீட்டர் அகலமும் உள்ள ஒரு நெசவுக் கூடத்தை எடுத்துக்கொள்வோம். கணக்குக்கு எளிதாகக் கூரையின் பரப்பும் 60 சதுர மீட்டர் என்றே இருக்கட்டும். தகரத்தின் சூடு 60 டிகிரி, உள்ளே காற்றின் சூடு 35 டிகிரி எனின் வேறுபாடு 25. தகரத்துக்கென்று சொல்லத்தக்க தடை ஏதுமில்லை. அதன் அடியில் ஒட்டி நிற்கும் காற்றுப் படலத்துக்கு மட்டும் 0.17 உண்டு. 25ஐ 0.17ஆல் வகுத்தால் சதுர மீட்டருக்கு 147 வாட். கூடம் முழுமைக்கும் ஏறக்குறைய 8,800 வாட். அதாவது ஆயிரம் வாட் மின்அடுப்புகள் ஒன்பதை நெய்வோர் தலைக்குமேல் எரியவிட்டதற்குச் சமம்.

அடியில் இரண்டரை சென்டிமீட்டர் தெர்மோகோல் பொருத்தினால் இது 1,740 வாட்டாக இறங்கும். 5 சென்டிமீட்டருக்கு மொத்தத் தடை 1.56, உட்புகும் வெப்பம் 960 வாட். 10 சென்டிமீட்டருக்கு 510 வாட். (பலகை வைத்தபின் தகரம் சற்றுக் கூடுதலாகவே சுடும், கணக்கின் போக்கு அதனால் மாறுவதில்லை.) முதல் 5 சென்டிமீட்டர் 7,800 வாட்டுக்கு மேல் தடுத்தது, அடுத்த 5 சென்டிமீட்டர் தடுத்ததோ 450 வாட் மட்டுமே. விலை என்னவோ இரண்டுக்கும் ஒன்றுதான். குளிர்சாதனம் இல்லாத நெசவுக் கூடத்துக்கு 10 சென்டிமீட்டர் பலகை வாங்குவது சங்கப் பணத்தை வீணாக்குவதாகும் என்பது என் அபிப்பிராயம். மிஞ்சும் தொகையில் கூரையின் மேற்புறத்துக்கு வெள்ளைப் பூச்சும், இரவில் வெப்பம் வெளியேறக் காற்றுப் போக்கிகளும் அமைக்கலாம்.

கான்கிரீட் வீட்டிலேயே தறி வைத்திருப்போருக்கு ஒரு வார்த்தை. மத்திய மின்சார அமைச்சு 2018இல் வெளியிட்ட ஈகோ நிவாஸ் சம்ஹிதா என்னும் விதித்தொகுப்பு, வீட்டுக் கூரையின் வழியே டிகிரி ஒன்றுக்குச் சதுர மீட்டரில் செல்லும் வெப்பம் 1.2 வாட்டை மிஞ்சலாகாது என வரம்பிட்டது. 12 சென்டிமீட்டர் கான்கிரீட் தளம் அவ்வரம்புக்குள் வர, கணக்கின்படி 2 சென்டிமீட்டர் தெர்மோகோலே போதும்.

இதுவரை சொன்னது இடைவெளியே இல்லாத பலகைக்கு. கூடத்தில் பலகைகளை இரும்புச் சட்டங்களுக்கு இடையே செருகுகிறார்கள்; மூலைகளில் வெட்டுப் பிசகுகிறது; விளக்குக்குத் துளை போடுகிறார்கள். இவை பரப்பில் நூற்றுக்கு 5 பங்கு என்று கொள்வோம். 57 சதுர மீட்டரில் 16 வாட் வீதம் 914 வாட். எஞ்சிய 3 சதுர மீட்டரில் 147 வாட் வீதம் 441 வாட். ஆக 1,355 வாட். ஐந்து பங்கு ஓட்டை நாற்பது பங்கு நஷ்டத்தைக் கொண்டுவந்துவிட்டது! கனத்தைக் கூட்டி இதைச் சரிக்கட்ட இயலாது. பலகைகளை இரண்டு அடுக்காக, முதலடுக்கின் இணைப்புகள் இரண்டாம் அடுக்கால் மூடப்படுமாறு, சட்டத்தின் அடியில் தொடர்ச்சியாகப் பொருத்துவதே வழி. ஒப்பந்தக்காரருக்குத் தொகை கொடுக்குமுன் குழு உறுப்பினர் ஒருவர் ஏணியேறிப் பார்ப்பது நலம்.

தெர்மோகோல் 80 டிகிரி அளவில் இளகத் தொடங்கும். தீயும் எளிதில் பற்றும். பஞ்சுத் தூசி படியும் கூடத்தில் தீத்தாங்கும் ரகத்தையே கேட்டு வாங்கி, அடிப்புறத்தை ஜிப்சம் பலகை போன்ற எரியாத பொருளால் மூடவேண்டும். இதில் சிக்கனம் பார்க்கலாகாது.

குளிர் அறையின் கணக்கு வேறு. அங்கே வெப்பம் இரவு பகல், ஆண்டு முழுவதும் உட்புகுகிறது. சுவர், கூரை, தரை எல்லாம் சேர்ந்து 100 சதுர மீட்டர். உள்ளே 4 டிகிரி, வெளியே சராசரி 35 என்று வைப்போம். 6 சென்டிமீட்டர் பஃப் பலகையானால் 1,160 வாட். 10 சென்டிமீட்டரானால் 715 வாட். ஒரு யூனிட் மின்சாரம் இரண்டரை யூனிட் வெப்பத்தை வெளியேற்றும் எனக் கொண்டால், மெல்லிய பலகையால் ஆண்டுக்கு ஏறக்குறைய 1,560 யூனிட் அதிகச் செலவு. அதை உங்கள் மின் கட்டண வீதத்தால் பெருக்கி, இரு பலகைகளின் விலை வித்தியாசத்தோடு ஒத்துப் பாருங்கள். கூடத்தில் வீணான கனம் இங்கே சில ஆண்டுகளில் முதலைத் திருப்பித் தரக்கூடும்.

குளிர் அறைக்கு இன்னொரு பகையும் உண்டு, அது நீராவி. வெளிக்காற்றின் ஈரம் குளிர்ந்த பக்கத்தை நாடி உட்புகுந்து பலகைக்குள் நீராகிறது. நீரின் வெப்பங்கடத்தும் எண் 0.6, தெர்மோகோலைப்போல் பதினாறு மடங்குக்கு மேல். நனைந்த பலகை பலகையாக இராது. ஆகையால் ஆவித்தடுப்புத் தாளை வெப்பமான புறத்தில், அதாவது வெளிப்புறத்தில், கிழிசலின்றி ஒட்டவேண்டும். உட்புறத்தில் மட்டும் ஒட்டுவது ஈரத்தை உள்ளே சிறைப்பிடிப்பதாகும். குளிர்பதனக் கிடங்குகளின் காப்புக்கென இந்தியத் தர நிர்ணயம் ஐ.எஸ். 661 என்ற எண்ணில் இருக்கிறது. ஒப்பந்தத்தில் அதைக் குறிப்பிடலாம்.

விலைப்பட்டியல்களை ஒத்துப் பார்க்கும் முறை எளிது. சதுர மீட்டர் விலையைத் தடையால் வகுக்கவும். கணக்குக்காக மட்டும் ஒரு விலையை வைத்துக்கொண்டால், 250 ரூபாய்த் தெர்மோகோலை 1.39ஆல் வகுக்கத் தடை ஒன்றுக்கு 180 ரூபாய். 500 ரூபாய்ப் பஃப் பலகையை 2.08ஆல் வகுக்க 240 ரூபாய். இடம் தாராளமாக உள்ள கூடத்துக்கு முன்னது மலிவு. சில அச்சுத்தாள்களில் “ஆர் 8” என்று பெரிய எண்ணாகப் போட்டிருப்பார்கள். அது அமெரிக்க அளவாக இருக்கலாம். அதை 5.68ஆல் வகுத்தால்தான் நம் கணக்குக்கு வரும். 8 என்பது 1.41 ஆகிவிடும். பஃப் பலகையில் அடைபட்ட வாயு நாளடைவில் வெளியேறிக் காற்று புகுவதால், புதுப் பலகையின் எண்ணோடு நாட்பட்ட பலகையின் எண்ணையும் சோதனைச் சான்றுடன் எழுத்தில் கேட்டுப் பெறவேண்டும். பொருளின் பெயர், அடர்த்தி, கனம், வெப்பங்கடத்தும் எண், அது எத்தனை டிகிரியில் சோதிக்கப்பட்டது என்ற கலங்களை விலை கோரும் படிவத்திலேயே அச்சிட்டுவிட்டால், நிரப்பாமல் அனுப்புகிறவர் யாரென்பது படிவத்தைத் திறந்தவுடனே தெரிந்துவிடும்.