அரிய நோயா, அறியப்படாத நோயா? மெலியோய்டோசிஸ் நோயறிதலிலும் சிகிச்சையிலும் எழும் இடர்ப்பாடுகள்

ஆய்வுச்சுருக்கம்

மண்ணிலும் நீரிலும் வாழும் பர்க்கோல்டேரியா சூடோமலேய் என்னும் பாக்டீரியாவால் உண்டாகும் மெலியோய்டோசிஸ், உயிருக்கு ஊறு விளைவிக்கும் தொற்றுநோய்களுள் ஒன்றாகும். இதனைக் குணப்படுத்தும் மருந்துகள் பெரிய மருத்துவமனைகளில் கிடைக்கக்கூடியவையே. ஆயினும் பிற நோய்களின் சாயலில் இந்நோய் வெளிப்படுவதாலும், ஆய்வகங்களில் இதன் கிருமி தவறாக இனங்காணப்படுவதாலும் நோயாளிகள் பலர் உரிய மருந்து கிடைக்கப்பெறாமல் இறக்க நேரிடுகிறது. 1911ஆம் ஆண்டு இரங்கூனில் நிகழ்ந்த கண்டுபிடிப்பு முதல் 2021ஆம் ஆண்டு அமெரிக்காவில் பதிவான தொற்று வரையிலான நிகழ்வுகளின்வழி, இந்நோயை அறிவதிலும் குணப்படுத்துவதிலும் உள்ள இடர்ப்பாடுகளை இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: மெலியோய்டோசிஸ், நோயறிதல், நீரிழிவு, காசநோய், வளர்ப்புச் சோதனை, நுண்ணுயிர் எதிர்ப்பு மருந்து.

முன்னுரை

அரிய நோய் என மருத்துவர்கள் கூறுவனவற்றுள் இரு வகை உண்டு. உண்மையிலேயே மிகச் சிலருக்கு மட்டும் ஏற்படுவது ஒருவகை. பலருக்கு ஏற்பட்டும் கண்டறியப்படாமையால் அரிதாகத் தோன்றுவது மற்றொரு வகை. முதல்வகை நோய்க்கு மருந்து காண்பது கடினம். இரண்டாம்வகை நோய்க்கு மருந்து இருந்தும் அது நோயாளியைச் சென்று சேர்வதில்லை. மெலியோய்டோசிஸ் இவ்விரண்டாம் வகைக்குத் தக்க எடுத்துக்காட்டாகும்.

ஒரு சூழலைக் கற்பனை செய்து பார்க்கலாம். நீரிழிவு உள்ள ஐம்பது வயது உழவர் ஒருவர் மழைக்காலத்தில் நாற்று நடுகிறார். சில வாரங்களில் அவருக்குக் காய்ச்சலும் இருமலும் உண்டாகின்றன, உடல் மெலிகிறது. மார்பு ஊடுகதிர்ப் படத்தில் நுரையீரலின் மேற்பகுதியில் நிழல் தென்படுகிறது. சளிப் பரிசோதனையில் காசநோய்க் கிருமி காணப்படவில்லை. எனினும் காசநோய் என்றே கருதி மருந்து தொடங்கப்படுகிறது. காசநோய் மிகுந்த ஒரு நாட்டில் இம்முடிவைப் பிழையென ஒதுக்கிவிட இயலாது. ஆனால் அவருக்கு இருப்பது மெலியோய்டோசிஸ் எனில், கழியும் ஒவ்வொரு நாளும் அவருடைய உயிர்வாழும் வாய்ப்பைக் குறைக்கிறது.

1. நோயின் கண்டுபிடிப்பு

இந்நோய் முதன்முதலில் மருத்துவ உலகின் கவனத்துக்கு வந்தது இரங்கூனில் ஆகும். அக்காலத்தில் பர்மா, பிரித்தானிய இந்தியாவின் ஒரு மாகாணமாக இருந்தது. 1911ஆம் ஆண்டு அங்குப் பணியாற்றிய நோய்க்குறியியல் மருத்துவர் ஆல்ஃபிரட் விட்மோரும் அவருடைய உதவியாளர் சி. எஸ். கிருஷ்ணசாமியும் பிரேதப் பரிசோதனைகளின்போது இயல்புக்கு மாறான மாற்றங்களைக் கண்டனர். இறந்தவர்களின் நுரையீரல்களில் பாலாடைக்கட்டி போன்ற திரட்சிகளும், கல்லீரல், மண்ணீரல் முதலிய உறுப்புகளில் சீழ்க்கட்டிகளும் காணப்பட்டன. அவற்றிலிருந்து பெறப்பட்ட கிருமி, குதிரைகளைத் தாக்கும் கிளாண்டர்ஸ் நோயின் கிருமியை ஒத்திருந்தது. ஆனால் அது அசையும் தன்மையுடையதாகவும் ஊடகத்தில் விரைந்து வளர்வதாகவும் இருந்தது. இறந்தவர்களுக்குக் குதிரைகளோடு தொடர்பும் இல்லை. எனவே இது புதியதொரு நோய் என இருவரும் முடிவுசெய்து, 1912ஆம் ஆண்டு இந்தியன் மெடிக்கல் கெஜட் இதழில் தம் கண்டுபிடிப்பை வெளியிட்டனர்.

தொடக்ககால நோயாளிகளுள் பெரும்பாலோர் வறியவர்கள். மார்ஃபின் ஊசி போட்டுக்கொள்ளும் பழக்கமுடையவர்கள். அதனால் 1917ஆம் ஆண்டு கிருஷ்ணசாமி எழுதிய கட்டுரையில் இந்நோய் மார்ஃபின் ஊசியோடு இணைத்தே பெயரிடப்பட்டது. நோயறிதலில் பெயருக்கு உள்ள செல்வாக்கை இங்கு எண்ணிப் பார்க்க வேண்டும். முதலில் கண்ட நோயாளிகளின் இயல்பை நோயின் இயல்பாகவே கொள்ளும்போது, அப்பழக்கம் இல்லாத நோயாளியிடம் மருத்துவருக்கு ஐயம் எழுவதில்லை. 1921ஆம் ஆண்டு ஸ்டாண்டன், ஃபிளெட்சர் என்னும் இருவர் கிரேக்கச் சொல்லின் அடிப்படையில் மெலியோய்டோசிஸ் என்னும் பெயரை வழங்கினர். அதன் பின்னரே இந்நோய் அப்பழைய அடையாளத்திலிருந்து விடுபட்டது.

2. கிருமியின் இயல்பும் தொற்றும் வழிகளும்

பர்க்கோல்டேரியா சூடோமலேய் வெப்பமண்டலப் பகுதிகளின் ஈரமண்ணிலும் தேங்கிய நீரிலும் இயல்பாக வாழ்கிறது. தோலில் உள்ள காயம், சுவாசம், அருந்தும் நீர் ஆகிய மூன்று வழிகளில் இது உடலுக்குள் நுழைகிறது. மனிதரிடமிருந்து மனிதருக்குப் பரவுவது மிக அரிது. மழைக்காலத்தில் நோயாளிகளின் எண்ணிக்கை உயர்கிறது. 2004ஆம் ஆண்டு ஆழிப்பேரலைக்குப் பின் தென்தாய்லாந்தில் உயிர்பிழைத்தவர்களுள் ஆறு பேருக்கு இந்நோய் கண்டறியப்பட்டமை, சேறு கலந்த நீரால் தொற்று ஏற்படுவதற்குச் சான்றாகும்.

கிருமியோடு தொடர்புடைய அனைவரும் நோயுறுவதில்லை. நீரிழிவு உடையவர்களே மிகுதியாகப் பாதிக்கப்படுகின்றனர். நாள்பட்ட சிறுநீரக நோய், மிகுதியான மதுப்பழக்கம், தலசீமியா ஆகியவையும் இடர்க்காரணிகளாகும். ஆயினும் இவற்றுள் எதுவும் இல்லாதவரையும், குழந்தைகளையும் இந்நோய் தாக்குவதுண்டு.

3. நோயறிதலில் எழும் இடர்ப்பாடுகள்

3.1 பிற நோய்களின் சாயல்

இந்நோய்க்கெனத் தனித்த அறிகுறி எதுவும் இல்லை. நோயாளிகளுள் ஏறத்தாழப் பாதிப்பேரிடம் இது நுரையீரல் அழற்சியாக வெளிப்படுகிறது. பிறரிடம் கல்லீரலிலோ மண்ணீரலிலோ சீழ்க்கட்டியாகவும், மூட்டு வீக்கமாகவும், ஆறாத தோற்புண்ணாகவும் தோன்றுகிறது. தாய்லாந்தில் குழந்தைகளுக்குக் கன்னத்து உமிழ்நீர்ச் சுரப்பியில் வீக்கமாகவும், வட ஆஸ்திரேலியாவில் ஆண்களுக்குப் புராஸ்டேட் சுரப்பியில் சீழ்க்கட்டியாகவும் வெளிப்படுவது மிகுதி. சிலரிடம் மூளையும் தாக்குறுகிறது. ஒரே நோய் நுரையீரல் மருத்துவர், அறுவை மருத்துவர், எலும்பு மருத்துவர், நரம்பியல் மருத்துவர் எனப் பலரிடம் வெவ்வேறு வடிவில் சென்று சேர்கிறது. ஒவ்வொருவரும் தம் துறையில் வழக்கமாகக் காணும் நோயையே முதலில் கருதுகின்றனர்.

3.2 கால இடைவெளி

தொற்றிய சில நாள்கள் முதல் மூன்று வாரங்களுக்குள் அறிகுறிகள் தோன்றுவதே வழக்கம். ஆனால் கிருமி உடலுக்குள் பல ஆண்டுகள் உறங்கிக் கிடந்து பின்னர் வெளிப்படுவதும் உண்டு. இரண்டாம் உலகப்போரில் தென்கிழக்காசியாவில் போர்க்கைதியாக இருந்த அமெரிக்கர் ஒருவருக்கு 62 ஆண்டுகளுக்குப் பின் இந்நோய் வெளிப்பட்டதாகப் பதிவாகியுள்ளது. வியட்நாம் போரிலிருந்து திரும்பிய வீரர்களிடம் காலந்தாழ்ந்து தோன்றியதால், இதனை வியட்நாமின் கால வெடிகுண்டு எனவும் அழைத்தனர். இத்தகைய நோயாளியிடம் அண்மைக்காலப் பயணத்தை மட்டும் கேட்டறிவது போதாது. அவர் வாழ்ந்த இடங்களையும் செய்த தொழில்களையும் முழுமையாகக் கேட்டறிய வேண்டியுள்ளது.

3.3 ஆய்வகத்தில் நேரும் பிழைகள்

இரத்தம், சளி, சீழ், சிறுநீர் ஆகியவற்றிலிருந்து கிருமியை வளர்த்துக் காண்பதே உறுதியான சோதனையாகும். ஆனால் அச்சோதனையும் நோயுற்ற பத்துப்பேருள் ஏறத்தாழ ஆறு பேரிடமே கிருமியைக் காட்டுகிறது. எனவே ஒருமுறை கிருமி வளராமையால் நோய் இல்லையென முடிவுசெய்தல் கூடாது. எதிர்ப்புரதங்களைக் காணும் குருதிச் சோதனையும் பெரிதும் உதவுவதில்லை. நோய் நிலவும் பகுதிகளில் நலமாக உள்ளவர்களிடமும் அப்புரதங்கள் காணப்படுகின்றன.

கிருமி வளர்ந்த பின்னரும் இடர்ப்பாடு நீங்குவதில்லை. முதல்நாளில் அதன் திரள்களில் சிறப்பான அடையாளம் எதுவும் தோன்றாது. சுருக்கங்கள் நிறைந்த தோற்றம் சில நாள்களுக்குப் பின்னரே உண்டாகும். அதற்குள் அதனைச் சூடோமோனாஸ் வகையைச் சார்ந்தது எனக் குறிப்பதும், வெளியிலிருந்து கலந்த மாசு எனக் கருதி அகற்றிவிடுவதும் நேர்கின்றன. தானியங்கிக் கருவிகளும் இதனை நெருங்கிய இனக் கிருமியாகப் பிழைபட அறிவிப்பதுண்டு.

இப்பிழையைத் தவிர்க்க எளிய வழி ஒன்று உள்ளது. ஆக்சிடேஸ் சோதனையில் நேர்மறை முடிவு தரும் கிராம்-எதிர் கோலுயிரி ஒன்று, ஜென்டாமைசின், கோலிஸ்டின் ஆகிய இரண்டுக்கும் கட்டுப்படாமல் அமாக்சிசிலின்-கிளவுலனேட் மருந்துக்கு மட்டும் கட்டுப்படுமாயின், அது மெலியோய்டோசிஸ் கிருமியாக இருக்கலாம் என ஐயுற வேண்டும். இம்மூன்று மருந்துவில்லைகளையும் கொண்டு சிறிய ஆய்வகமும் இச்சோதனையைச் செய்ய இயலும். சில பகுதிகளில் ஜென்டாமைசினுக்குக் கட்டுப்படும் வகைகளும் காணப்படுவதால், இச்சோதனையை முதற்கட்ட ஐயத்துக்கு மட்டுமே பயன்படுத்த வேண்டும். நோயை ஐயுறும் மருத்துவர் அதனை ஆய்வகத்துக்கு முன்னரே தெரிவிப்பது இன்றியமையாதது. அவ்வாறு தெரிவித்தால் சிறப்பு ஊடகம் பயன்படுத்தப்படும். பணியாளர்களும் தம்மைத் தொற்றிலிருந்து காத்துக்கொள்வர்.

4. பயணம் செய்யாத நான்கு நோயாளிகள்

2021ஆம் ஆண்டு அமெரிக்காவின் கான்சஸ், டெக்சாஸ், மினசோட்டா, ஜார்ஜியா ஆகிய நான்கு மாநிலங்களில் நால்வருக்கு மெலியோய்டோசிஸ் கண்டறியப்பட்டது. அவர்களுள் எவரும் வெளிநாடு சென்றவரல்லர், ஒருவரையொருவர் அறிந்தவருமல்லர். குழந்தை ஒன்று உட்பட இருவர் இறந்தனர். அமெரிக்காவில் இந்நோய் பெரும்பாலும் வெளிநாட்டுப் பயணிகளிடமே காணப்பட்டதால், பயணம் செய்யாதவரிடம் இதனை ஐயுறுவதற்கு மருத்துவர்களுக்குக் காரணம் இருக்கவில்லை.

இந்நிகழ்வில் புதிரை அவிழ்த்தது மரபணு வரிசை ஆய்வாகும். நால்வரிடமும் கிடைத்த கிருமிகள் ஒன்றோடொன்று நெருங்கிய ஒற்றுமை உடையனவாகவும், தெற்காசியக் கிருமி வகைகளை ஒத்தனவாகவும் இருந்தன. நோயாளிகள் பயணம் செய்யவில்லையெனில், கிருமியே ஏதேனும் ஒரு பொருளின்வழிப் பயணம் செய்திருக்க வேண்டும் என்பது இதனால் தெளிவாயிற்று. வீடுகளிலிருந்து மண், நீர், பயன்படுபொருள்கள் எனப் பல மாதிரிகள் சோதிக்கப்பட்டன. இறுதியில் அக்டோபர் மாதம் ஜார்ஜியா நோயாளியின் வீட்டிலிருந்த நறுமணத் தெளிப்பான் புட்டியில் அக்கிருமி கண்டுபிடிக்கப்பட்டது. அப்பொருள் இந்தியாவில் தயாரிக்கப்பட்டதாகும். அதன்பின் அது விற்பனையிலிருந்து திரும்பப் பெறப்பட்டது. நோய் நிலவும் நாடு, நிலவாத நாடு என்னும் எல்லையை மட்டும் நம்பி நோயறிதல் இயலாது என்பதை இந்நிகழ்வு உணர்த்துகிறது.

5. சிகிச்சையில் எழும் இடர்ப்பாடுகள்

இக்கிருமி பெனிசிலின், ஆம்பிசிலின், ஜென்டாமைசின் முதலிய பல மருந்துகளுக்கு இயல்பாகவே கட்டுப்படுவதில்லை. குருதியில் நச்சேற்றம் கண்ட நோயாளிக்குப் பொதுவாகத் தொடங்கப்படும் செஃப்ட்ரையாக்சோன், ஆய்வகத்தில் இதனைக் கட்டுப்படுத்துவதுபோல் தோன்றினாலும் நோயாளியிடம் போதிய பயன் தருவதில்லை. ஆகவே நோயின் பெயர் அறியாமல் தரப்படும் மருந்து பெரும்பாலும் தவறிய மருந்தாகவே அமைகிறது.

தாய்லாந்தில் நடைபெற்று 1989ஆம் ஆண்டு வெளியான ஆய்வு, செஃப்டாசிடிம் மருந்து இறப்பு விகிதத்தை 74 விழுக்காட்டிலிருந்து 37 விழுக்காடாகக் குறைத்ததைக் காட்டியது. இன்று சிகிச்சை இரு கட்டங்களாக அளிக்கப்படுகிறது. முதற்கட்டத்தில் செஃப்டாசிடிம் அல்லது மெரோபெனம் குறைந்தது 10 முதல் 14 நாள்கள்வரை சிரைவழி செலுத்தப்படுகிறது. ஆழ்ந்த சீழ்க்கட்டியோ மூளைத் தொற்றோ இருப்பின் இக்காலம் பல வாரங்களாக நீளும். இரண்டாம் கட்டத்தில் எஞ்சிய கிருமிகளை ஒழிக்கக் கோட்ரைமாக்சசோல் மாத்திரை குறைந்தது மூன்று மாதங்கள் வழங்கப்படுகிறது.

இவ்விரண்டாம் கட்டமே நோயாளிகளுக்குப் பெருஞ்சோதனையாகும். காய்ச்சல் நீங்கி உடல் தேறிய ஒருவர், நாட்கூலியை இழந்து மருத்துவமனைக்கு மீண்டும் மீண்டும் வருவது எளிதன்று. மருந்தால் தோல் ஒவ்வாமை, சிறுநீரகப் பாதிப்பு முதலியனவும் ஏற்படக்கூடும். ஆயினும் மருந்தை இடையில் நிறுத்தினால் நோய் மீண்டும் தோன்றும் வாய்ப்பு மிகுதி. எனவே வீடு திரும்பும் நாளிலேயே எஞ்சிய சிகிச்சையின் கால அளவையும் அதன் காரணத்தையும் நோயாளிக்கும் குடும்பத்தாருக்கும் விளங்கும் மொழியில் எடுத்துரைப்பது சிகிச்சையின் ஒரு பகுதியாகும்.

6. தெற்காசியச் சூழலும் தமிழகமும்

2016ஆம் ஆண்டு வெளியான கணக்கீட்டு ஆய்வு ஒன்று, உலகில் ஆண்டுதோறும் ஏறத்தாழ 1,65,000 பேர் இந்நோய்க்கு ஆளாவதாகவும் 89,000 பேர் இறப்பதாகவும் மதிப்பிட்டது. அவர்களுள் 44 விழுக்காட்டினர் தெற்காசியாவைச் சார்ந்தவர்கள். இவை மாதிரிக் கணக்கின்வழிப் பெறப்பட்ட மதிப்பீடுகளே. எனினும் பதிவான எண்ணிக்கைக்கும் இவற்றுக்கும் உள்ள பெரும் இடைவெளி, கண்டறியப்படாத நோயாளிகளின் அளவை உணர்த்துகிறது.

நெல்வயல்கள், பருவமழை, மிகுந்துவரும் நீரிழிவு ஆகிய மூன்றும் தமிழகத்தில் ஒருங்கே அமைந்துள்ளன. வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரி மருத்துவர்கள் இந்நோயாளிகளைக் குறித்த ஆய்வுகளை வெளியிட்டுள்ளனர். வளர்ப்புச் சோதனை முறையாக நடைபெறும் இடங்களிலிருந்தே இந்நோய் குறித்த செய்திகள் மிகுதியாக வருகின்றன. தேடும் இடத்தில் நோய் காணப்படுகிறது என்பதே இதன் பொருள். தேடாத இடத்தில் நோய் இல்லை என்பதற்கு இது சான்றாகாது.

முடிவுரை

மெலியோய்டோசிஸ் நோயறிதலில் உள்ள முதன்மையான தடை, சோதனைக் கருவிகளின் குறைவைக் காட்டிலும் ஐயம் எழாமையே எனலாம். விட்மோரும் கிருஷ்ணசாமியும் இறந்த உடல்களில் கண்டறிந்த நோயை, நூறாண்டுகளுக்குப் பின் உயிரோடு உள்ளவரிடம் கண்டறிவதற்கான வழிகள் இன்று உள்ளன. நீரிழிவு உள்ளவருக்கு மழைக்காலத்தில் தோன்றும் கடுங்காய்ச்சல், பல உறுப்புகளில் காணப்படும் சீழ்க்கட்டிகள், கிருமி காணப்படாமலும் மருந்துக்குத் தணியாமலும் நீடிக்கும் காசநோய் ஆகிய மூன்று நிலைகளிலேனும் வளர்ப்புச் சோதனை செய்வதும், ஐயத்தை ஆய்வகத்துக்குத் தெரிவிப்பதும் வழக்கமாதல் வேண்டும். அவ்வழக்கம் மாவட்ட மருத்துவமனைகள்வரை பரவும்போதுதான், மெலியோய்டோசிஸ் நம் மண்ணில் உண்மையில் அரிய நோயா அன்றி இதுவரை அறியப்படாத நோயா என்பது தெளிவாகும்.