வீட்டுக் கடனின் மெய்யான விலை

இராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் வட்டாரக் கிராமங்களில் நாம் காணும் அன்பர்கள் பலர், வீட்டுக் கடனுக்கு மாதத் தவணை எவ்வளவு என்றே வினவுகின்றனர். மொத்தம் எவ்வளவு என்று வினவுவதில்லை. கணக்கிட்டுப் பார்ப்போம்.

ரூ. 10 லட்சத்தை 9 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளுக்குப் பெற்றால் தவணை ரூ. 8,997. முதல் தவணையில் ரூ. 7,500 வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது ரூ. 1,497 மட்டுமே. முடிவில் செலுத்துவது ரூ. 21.59 லட்சம். 15 ஆண்டுகளாயின் தவணை ரூ. 10,143, மொத்தம் ரூ. 18.26 லட்சம். ஆகவே மாதம் ரூ. 1,146 கூடுதலாகக் கட்டுவோருக்கு ரூ. 3.33 லட்சம் மிஞ்சும்.

தவணைகள் தொடர்ந்து தவறினால், 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி வங்கி நீதிமன்ற வழக்கின்றியே வீட்டை ஏலத்திற்குக் கொண்டுவரலாம். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்போரிடம் வங்கிகள் அபராதம் வாங்கலாகாதென ரிசர்வ் வங்கி 2012-இல் ஆணையிட்டது. ஆதலின், பருத்தி விற்ற கையோடு அசலில் ஒரு பகுதியைக் கட்டிவிடுதல் நலம். பத்திரத்தை ஈடு வைக்குமுன் இக்கணக்கை ஊராருக்கு எடுத்துரைப்பது பஞ்சாயத்து உறுப்பினர்களின் கடமையாகும்.