சுழலும் வரை விழாது!

மேசைமீது நான்கடி உயரக் குச்சிகள் நிற்கின்றன. ஒவ்வொன்றின் நுனியிலும் ஒரு கண்ணாடிக் கிண்ணம் சுழல்கிறது. கீழே, மேசைப் பலகையில் தட்டுகள் சுழல்கின்றன. ஒரு மனிதர் இங்குமங்கும் ஓடுகிறார். இதோ, ஒரு கிண்ணம் தள்ளாடுகிறது! விழுந்துவிடுமோ? அவர் பாய்ந்து வந்து குச்சியைப் பிடித்து முடுக்கிவிடுகிறார். கிண்ணம் நிமிர்கிறது. அதற்குள் இன்னொன்று தள்ளாடுகிறது!

எரிக் பிரென் என்ற கலைஞர் 1950-களிலும் 1960-களிலும் அமெரிக்கத் தொலைக்காட்சியில் செய்துகாட்டிய வித்தை இது. 'எட் சல்லிவன் ஷோ' என்ற பல்சுவை நிகழ்ச்சி 1948 முதல் 1971 வரை ஞாயிறு இரவுகளில் ஒளிபரப்பாகியது. பாடகர்கள், நகைச்சுவையாளர்களுக்கு இடையே இத்தகைய வித்தைக்காரர்களும் அதில் தோன்றினர். பெரும்பாலும் நேரடி ஒளிபரப்பு. கிண்ணம் உடைந்தால் நாடே பார்க்கும்!

கிண்ணம் ஏன் விழவில்லை? சுழலாத கிண்ணத்தைக் குச்சி நுனியில் வைத்தால், எடை ஒரு பக்கம் சற்றே கூடினாலும் புவியீர்ப்பு அதைக் கவிழ்த்துவிடும். சுழலும் பொருளுக்கோ கோண உந்தம் உண்டு. அது மிகுதியாக இருக்கும்போது சுழலும் அச்சின் திசையை எளிதில் மாற்ற முடியாது. புவியீர்ப்பு சாய்க்க முயன்றால், அச்சு உடனே விழாமல் மெல்ல வட்டமிடுகிறது. பம்பரம் தலையாட்டுவதும் இதனால்தான்.

ஆனால் காற்றின் தடையும் நுனியின் உராய்வும் வேகத்தைக் குறைத்துக்கொண்டே இருக்கின்றன. கோண உந்தம் குறையக் குறையத் தள்ளாட்டம் பெருகும். அதுவே கலைஞருக்கு எச்சரிக்கை மணி. எந்தக் கிண்ணத்திடம் முதலில் ஓடவேண்டும் என்று அதுதான் சொல்கிறது.

இங்கே ஒரு கணக்கும் உண்டு. ஒரு கிண்ணம் தானாக 30 விநாடி சுழலும் என்று வைத்துக்கொள்வோம். ஒன்றை முடுக்கிவிட்டு அடுத்ததற்கு ஓட 3 விநாடி ஆகட்டும். ஒரே ஆள் எத்தனை கிண்ணங்களைக் காக்கலாம்? 30-ஐ 3-ஆல் வகுத்தால் 10. பதினோராவது கிண்ணத்தையும் ஏற்றினால் முதல் கிண்ணத்திடம் திரும்பிவர 33 விநாடி ஆகும். அதற்குள் அது தரையில் கிடக்கும்!

நீங்களே சோதித்துப் பாருங்கள். கழற்றிய சைக்கிள் சக்கரத்தின் அச்சை இரு முனைகளிலும் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளுங்கள். நண்பர் டயரைத் தட்டிச் சுழற்றட்டும். விரல்கள் கம்பிகளில் படாமல் கவனம் தேவை. இப்போது அச்சைச் சாய்க்க முயலுங்கள். நிற்கும் சக்கரம் சொன்னபடி கேட்கும். சுழலும் சக்கரம் முரண்டுபிடிக்கும். பிரெனின் கிண்ணங்களைக் காத்தது அந்த முரண்டுதான்!